தார் சுற்றும் கைக்கும் ஒரு கணக்கு

சில மாதங்களுக்கு முன்னர், நெசவாளர் சங்கம் ஒன்றில் கூலிப் பட்டுவாடா நடந்துகொண்டிருந்த நேரத்தில் நாம் அங்கே இருந்தோம். அங்கத்தினர் ஒருவர் ஆறு சேலைகளை ஒப்படைத்துவிட்டுக் கூலிப் புத்தகத்தில் கையெழுத்திட்டார். அவருடன் வந்திருந்த மனைவியார், அடுத்த பாவுக்கான நூற்கட்டை இடுப்பில் இடுக்கியபடி வாசற்படியருகே நின்றார். குடும்ப விவரப் படிவம் ஒன்றைப் பூர்த்தி செய்துகொண்டிருந்த குமாஸ்தா, "உங்க வீட்டுக்காரம்மாவுக்கு என்ன தொழில்?" என்று கேட்டார். "தொழில் ஒண்ணும் இல்லீங்க, வீட்லதான் சும்மா இருக்குது" என்று அங்கத்தினர் பதிலளித்தார். அம்மையாரும் அதை ஆமோதிப்பவர்போலத் தலையசைத்தார். 'தொழில் இல்லை' என்று படிவத்தில் எழுதப்பட்டது.

அவ்வம்மையாருடைய வலக்கை ஆள்காட்டி விரலில் நூல் ஓடி ஓடி ஏற்பட்ட தழும்பை நாம் கண்டோம். 'சும்மா இருக்கிற' கைக்கு அத்தகைய தழும்பு எவ்வாறு வரும்? அன்று மனத்தில் எழுந்த இக்கேள்விக்கு விடை காண்பதே இக்கட்டுரையின் நோக்கம். இதனைப் பரிவின் பாற்பட்ட விஷயமாக மட்டும் நாம் கருதவில்லை. நம்முடைய தொழிலுக்கு ஆகும் உண்மையான செலவு என்ன, நமக்குக் கிடைக்கும் உண்மையான கூலி என்ன என்ற கணக்கே இதில் அடங்கியிருக்கிறது.

நெசவாளர் வீட்டில் ஒரு நாள்

கைத்தறி நெசவு ஒரு தனி மனிதர் செய்யும் தொழில் அன்று. ஒரு குடும்பம் செய்யும் தொழில். குழித்தறியில் அமர்ந்து மிதியை மிதித்து நாடாவை ஓட்டுபவர் ஒருவர். அவர் அங்கே அமர்வதற்கு முன்னும் அமர்ந்த பின்னும் பிறர் செய்யும் வேலைகள் பல.

பாவு விரிக்கும் நாளில் பொழுது விடியுமுன்பே தெருவில் குடும்பம் முழுவதும் கூடிவிடுகிறது. வெயில் ஏறுவதற்குள் பாவை நீட்டிக் கட்டி, கஞ்சி போட்டு, இழை ஒட்டாமல் பிரித்து, காயவைத்துச் சுருட்டியாக வேண்டும். கஞ்சி காய்ச்சுவது யார்? வீட்டுப் பெண்மணி. அறுந்த இழையை முடிந்துகொண்டே செல்வது யார்? பெரும்பாலும் அவரும், பிள்ளைகளும், முதியவர்களுமே. பின்னர்ப் புதுப் பாவின் ஒவ்வோர் இழையையும் பழைய பாவின் இழையோடு பிணைக்க வேண்டும். 48 அங்குல அகலத்தில் அங்குலத்துக்கு 80 இழை வீதம் என்றால், 3,840 இழைகளை ஒவ்வொன்றாக விரலால் முறுக்கிச் சேர்க்க வேண்டும்.

இன்று பல ஊர்களில் ஓட்டிய பாவு ஆயத்தமாகவே கிடைக்கிறது. சில வீடுகளில் ராட்டையில் சிறு மின்மோட்டாரும் பொருத்தப்பட்டிருக்கிறது. இவை வரவேற்கத்தக்க மாறுதல்களே. ஆயினும் சிட்டத்திலிருக்கும் ஊடை நூலைத் தார்க்குச்சியில் சுற்றித் தறிக்குக் கொண்டுவந்து கொடுக்கும் வேலை இன்னும் வீட்டுக்குள்ளேயே நடக்கிறது. காஞ்சிபுரத்துக் கோர்வைப் பட்டுச் சேலையில் கரைக்கும் உடலுக்கும் தனித்தனி நாடாக்கள் ஓடுவதால், தறியின் ஒரு பக்கத்தில் மற்றொருவர் இருந்து நாடாவை வாங்கித் தரவேண்டியிருக்கிறது. ஒரு காலத்தில் அவ்விடத்தில் பெரும்பாலும் சிறுவர்கள் அமர்த்தப்பட்டார்கள். அவர்கள் பள்ளிக்குச் செல்லத் தொடங்கிய பிறகு, பல குடும்பங்களில் இல்லத்தரசியே அவ்விடத்தை நிரப்பினார்.

இவற்றுக்கு நடுவேதான் நீர் பிடித்தல், சமையல், பிள்ளைகளைப் பள்ளிக்கு ஆயத்தப்படுத்தல், துணி துவைத்தல், நோயுற்ற மாமியாரைக் கவனித்தல் ஆகிய யாவும் நடைபெறுகின்றன. உலையில் அரிசி கொதிக்கும்போது ராட்டையில் தார் சுழல்கிறது. "தார் தீர்ந்துபோச்சு" என்ற குரல் தறிக்குழியிலிருந்து எழுந்தால், அடுப்பைத் தணித்துவிட்டு ராட்டைக்கு ஓட வேண்டியதுதான்.

ஒரு சேலைக்கு எத்தனை தூரம் நூல்?

இனிக் கணக்குக்கு வருவோம். ஒரு சேலையின் நீளம் 5.5 மீட்டர், அதாவது ஏறக்குறைய 216 அங்குலம். அங்குலத்துக்கு 60 ஊடை வீதம் நெய்தால், நாடா சுமார் 13,000 முறை குறுக்கே ஓட வேண்டும். துணியின் அகலம் 1.2 மீட்டர். ஆகவே ஒரு சேலைக்கு வேண்டிய ஊடை நூலின் நீளம் சுமார் 15,600 மீட்டர்; கிலோமீட்டரில் சொன்னால் 15½.

ஒரு சிட்டம் நூல் 840 கஜம் கொண்டது. அதாவது சுமார் 768 மீட்டர். இதன்படி ஒரு சேலைக்கு 20 சிட்ட நூலைத் தாராகச் சுற்றவேண்டும். ஆறு சேலை கொண்ட ஒரு பாவுக்கு 120 சிட்டம். தூரத்தில் 90 கிலோமீட்டருக்கும் மேல். இந்த 90 கிலோமீட்டர் நூலும் அந்தத் தழும்பு விழுந்த விரலைத் தொட்டுக்கொண்டே ஓடுகிறது.

ஒரு சிட்டத்தைச் சுற்றி முடிக்க 12 நிமிஷம் என்று வைத்துக்கொள்வோம். நூலின் ரகத்துக்கும் கைப்பழக்கத்துக்கும் தக்கபடி இது கூடவோ குறையவோ செய்யும். அங்கத்தினர்கள் தங்கள் வீட்டிலேயே கடிகாரத்தை வைத்து அளந்துகொள்ளலாம். 12 நிமிஷம் என்றால் 120 சிட்டத்துக்கு 24 மணி நேரம். கஞ்சி போடுதல், இழை பிணைத்தல், துணி மடித்தல் முதலியவற்றுக்கு மற்றொரு 24 மணி நேரம் என்று கொண்டால், பாவு ஒன்றுக்குத் துணை வேலை 48 மணி நேரமாகிறது. தறியில் அமர்ந்து ஆறு சேலைகளையும் நெய்ய 12 நாள், நாளுக்கு 8 மணி வீதம் 96 மணி நேரம் என்று கொள்வோம்.

சேலைக்குக் கூலி 1,200 ரூபாய் என்று ஓர் உதாரணம் எடுத்துக்கொள்வோம். இது கணக்கின் எளிமைக்காகக் கொண்ட தொகையே. எந்தச் சங்கத்தின் கூலி விகிதமும் அன்று. ஆறு சேலைக்கு 7,200 ரூபாய். தறியில் அமர்ந்த 96 மணிக்கு மட்டும் இதை வகுத்தால் மணிக்கு 75 ரூபாய் கிடைக்கிறது. குடும்பம் உழைத்த 144 மணிக்கும் வகுத்தால் மணிக்கு 50 ரூபாய்தான். 'மணிக்கு 75 ரூபாய் சம்பாதிக்கிறோம்' என்று எண்ணியிருக்கும் குடும்பம், உண்மையில் 50 ரூபாய்தான் சம்பாதிக்கிறது. நடுவில் இருக்கும் 25 ரூபாய், எழுதப்படாத உழைப்பினால் உண்டான தோற்றம்.

இத்தோற்றம் எப்போது கலைகிறது? வீட்டுப் பெண்மணி பிரசவத்துக்குத் தாய்வீடு சென்றால், அல்லது காய்ச்சலில் படுத்தால், அப்போது கலைகிறது. தார் சுற்ற வெளியாளைக் கூலிக்கு அமர்த்துகிறார்கள். 'இந்தப் பாவில் கையில் ஒன்றும் மிஞ்சவில்லை' என்று நெசவாளர் அன்றுதான் சொல்கிறார். மற்ற நாட்களில் அவர் கையில் மிஞ்சியதாகத் தோன்றியது யாருடைய கூலி என்பதை இனி விளக்க வேண்டியதில்லை.

விவசாயக் குடும்பங்களிலும் இதே நிலைதான்

நெற்பயிர் செய்யும் அங்கத்தினர் வீட்டிலும் பருத்தி பயிரிடும் அங்கத்தினர் வீட்டிலும் இதற்கு வேறுபாடில்லை. நடவும் களையெடுப்பும் பருத்தி எடுப்பும் பெண்களின் கையால் நடைபெறுகின்றன. பிறர் நிலத்தில் செய்தால் அதற்குக் கூலி உண்டு. சொந்த நிலத்தில் செய்தால் அது 'வீட்டு வேலை'. மாட்டுக்குத் தீவனம் அறுத்து, தொழுவம் கூட்டி, கன்றைப் பேணி, பால் கறந்து சங்கத்துக்கு ஊற்றுபவர் ஒருவர்; பால் பணத்துக்குரிய புத்தகத்தில் பெயர் இருப்பதோ பல வீடுகளில் மற்றொருவருக்கு. 2015-16ஆம் ஆண்டின் விவசாயக் கணக்கெடுப்பின்படி, இந்தியாவில் சாகுபடி நிலங்களை நடத்துவோராகக் குறிக்கப்பட்டவர்களில் பெண்கள் 100-க்கு 14 பேருக்கும் குறைவே. வயலில் இறங்கி நிற்பவர்களை எண்ணினால் இந்த விகிதம் எவருக்கும் வியப்பளிக்கும்.

நாட்டின் கணக்கு சொல்வது என்ன?

2019-20இல் நடைபெற்ற நான்காவது அகில இந்தியக் கைத்தறிக் கணக்கெடுப்பு, நாட்டில் கைத்தறித் தொழிலாளர் 35 லட்சத்துக்கும் மேற்பட்டோர் என்று கண்டது. நெய்வோரும் துணை வேலை செய்வோருமாகிய இவர்களில் 100-க்கு சுமார் 72 பேர் பெண்கள். ஆகவே கைத்தறியை ஆண்களின் தொழில் என்றும், பெண்கள் அதற்கு 'ஒத்தாசை' செய்பவர்கள் என்றும் கூறுவது உண்மைக்குப் பொருந்தாது.

இங்கே இரு வகை உழைப்பைப் பிரித்து அறிந்துகொள்ளுதல் அவசியம். தார் சுற்றுதல், கஞ்சி போடுதல், களையெடுத்தல், மாடு பேணல் ஆகியவை சந்தைக்குப் போகும் பொருளின் உற்பத்தியில் சேர்ந்தவை. இவற்றைச் செய்பவர் கூலி பெறாவிட்டாலும் தொழிலாளரே. 1991ஆம் ஆண்டின் மக்கள்தொகைக் கணக்கெடுப்பில், சொந்த வயலிலோ குடும்பத் தொழிலிலோ கூலியின்றிச் செய்யும் வேலையும் வேலையே என்பது கேள்வியிலேயே வெளிப்படையாகச் சேர்க்கப்பட்டது. அப்படியிருக்க நம் படிவங்களில் 'தொழில் இல்லை' என்று எழுதுவது முறையாகுமா?

இரண்டாவது வகை, சமையலும் துப்புரவும் போன்ற இல்லப் பணி. இதனை அளப்பதற்காக இந்திய அரசு 2019இலும் 2024இலும் நேரப் பயன்பாட்டு ஆய்வுகளை நடத்தியது. இல்லப் பணியில் ஈடுபட்டவர்களில், 2019இல் பெண்கள் நாளொன்றுக்கு 299 நிமிஷமும் ஆண்கள் 97 நிமிஷமும் செலவிட்டார்கள். 2024இல் அது பெண்களுக்கு 289 நிமிஷமாகவும் ஆண்களுக்கு 88 நிமிஷமாகவும் இருந்தது. இருவருக்கும் இடையிலுள்ள வேறுபாடு 202 நிமிஷத்திலிருந்து 201 நிமிஷம் ஆயிற்று. ஐந்து ஆண்டுகளில் குறைந்தது ஒரே ஒரு நிமிஷம்! எரிவாயு அடுப்பும் மாவரைக்கும் இயந்திரமும் வந்து வேலையைச் சற்றே இலகுவாக்கின. வேலையைப் பங்கிட்டுக்கொள்ளும் பழக்கம் மட்டும் இன்னும் வந்தபாடில்லை.

நீதிமன்றங்களும் இவ்வுழைப்பின் மதிப்பை ஏற்று வருகின்றன. விபத்து நஷ்டஈடு பற்றிய வழக்கு ஒன்றில், இல்லத்தரசியின் உழைப்புக்கு உத்தேச வருமானம் கணிக்கப்படவேண்டும் என்பதை உச்ச நீதிமன்றம் 2021 ஜனவரியில் வலியுறுத்தியது. கணவர் பெயரில் வாங்கப்பட்ட சொத்தானாலும், இல்லத்தைப் பேணிய மனைவியின் உழைப்பும் அதில் சேர்ந்திருப்பதால் அவருக்குச் சம பங்கு உண்டு என்று சென்னை உயர் நீதிமன்றம் 2023 ஜூனில் ஒரு வழக்கில் தீர்ப்பளித்தது.

எழுதப்படாததால் விளையும் நஷ்டம்

"எழுதினால் என்ன, எழுதாவிட்டால் என்ன? பணம் ஒரே வீட்டுக்குத்தானே வருகிறது?" என்று சிலர் கேட்கக்கூடும். நாம் அறிந்த ஒரு குடும்பத்தின் அனுபவத்தைக் கூறுகிறோம்.

முப்பது ஆண்டுகள் நெய்த நெசவாளர் ஒருவர் திடீரெனக் காலமானார். சங்கத்தில் அவருடைய பங்குத் தொகையும் சேமிப்பும் இருந்தன. அவர் நியமனதாரராகக் குறித்திருந்தது திருமணத்துக்கு முன் எழுதிய தம் தாயாரின் பெயரை. தாயார் அதற்குப் பல ஆண்டுகளுக்கு முன்பே இறந்துவிட்டார். விதவையான மனைவி வாரிசுச் சான்றிதழுக்காக அலுவலகம் அலுவலகமாக அலைந்தார். அம்முப்பது ஆண்டுகளிலும் தார் சுற்றியவர் அவரே. ஆயினும் அவர் பெயர் சங்கத்தின் எந்த ஏட்டிலும் இல்லை. தறி வீட்டிலேயே இருந்தது; அவருக்கு நெய்யவும் தெரியும். எனினும் அங்கத்தினர் அல்லாத காரணத்தால் உடனே நூல் பெற இயலவில்லை. பணம் கைக்கு வந்து சேர்வதற்குள் கடன் வாங்கி நாட்களைக் கழித்தார். தறியும் நாலு மாதம் சும்மா கிடந்தது. எவரும் அவருக்குத் தீங்கு நினைக்கவில்லை. ஒரு படிவத்தில் ஒரு வரி மாற்றப்படாமல் இருந்தது; அவ்வளவே.

தமிழ்நாட்டில் கூட்டுறவுக் கைத்தறி நெசவாளருக்கான சேமிப்பு, பாதுகாப்புத் திட்டத்தையும் இங்கே நினைவு கூர்வோம். அத்திட்டத்தில் அங்கத்தினர் பெறும் கூலியில் ரூபாய்க்கு 8 காசு சேமிப்பாகப் பிடிக்கப்படுகிறது. அரசு 4 காசு சேர்க்கிறது. மேற்சொன்ன 7,200 ரூபாய்க் கூலிக்கு அங்கத்தினர் பங்கு 576 ரூபாய், அரசின் பங்கு 288 ரூபாய், ஆக 864 ரூபாய் சேருகிறது. இது நல்ல திட்டமே. ஆனால் கூலி எவர் பெயரில் எழுதப்படுகிறதோ அவர் பெயரிலேயே சேமிப்பும் சேரும். ஏட்டில் பெயரில்லாத கைக்கு, உழைப்பில் பங்கு உண்டு; சேமிப்பில் வரவு இல்லை.

ஓர் ஆட்சேபணை

"குடும்பத்துக்குள் கூலிக் கணக்குப் பார்க்கத் தொடங்கினால் பாசம் என்னவாகும்? குடும்பம் கடையா?" என்று ஒரு பெரியவர் நம்மிடம் கேட்டார். கேள்வி நியாயமானதே. மனைவி தார் சுற்றியதற்குக் கணவன் கூலி எண்ணித் தரவேண்டும் என்பது நம் கருத்தன்று. கூட்டுறவுச் சங்கத்தையே எண்ணிப் பாருங்கள். அங்கத்தினர்களிடையே நம்பிக்கை இல்லாததாலா நாம் கணக்கு எழுதுகிறோம்? கணக்கு ஒழுங்காக இருப்பதால்தான் நம்பிக்கை நிலைக்கிறது. குடும்பத்துக்கும் இது பொருந்தும். இவர் இவ்வளவு உழைத்தார் என்பது எல்லோருக்கும் தெரிந்திருக்கும் வீட்டில், நோய் வந்தால் மருத்துவச் செலவுக்குத் தயக்கம் இராது. மகளின் படிப்பை நிறுத்தி ராட்டையில் உட்கார வைக்கும் எண்ணமும் எழாது.

கூட்டுறவு இயக்கத்துக்கு இது புதிய கருத்தும் அன்று. 1844இல் இங்கிலாந்தின் ராச்டேல் நகரில் நெசவாளர்களும் பிற தொழிலாளர்களுமாக 28 பேர் சேர்ந்து தொடங்கிய சங்கத்தின் நெறிமுறைகளே உலகக் கூட்டுறவுக்கு வழிகாட்டின என்பதை அங்கத்தினர்கள் அறிவார்கள். அச்சங்கம் பெண்களை அங்கத்தினராக ஏற்றது. 1846இலேயே ஒரு பெண்மணி அதில் சேர்ந்தார். அந்நாட்டில் மணமான பெண்களுக்குத் தம் சம்பாத்தியத்தின்மீதும் சொத்தின்மீதும் உரிமை வழங்கிய சட்டங்கள் 1870இலும் 1882இலும்தான் வந்தன. சட்டம் விழிப்பதற்கு முன்பே ஒரு கூட்டுறவுச் சங்கத்தின் ஏடு விழித்துக்கொண்டது.

நாம் செய்யக்கூடியவை

முதலாவதாக, ஒரு பாவு தொடங்கி முடியும்வரை, அல்லது ஒரு பயிரின் நடவு முதல் அறுவடைவரை, வீட்டில் ஒரு நோட்டுப் புத்தகம் வைத்து மணிக் கணக்கு எழுதிப் பாருங்கள். யார், என்ன வேலை, எத்தனை மணி என்ற மூன்று பத்திகள் போதும். பள்ளியில் படிக்கும் பிள்ளையே இதை எழுதிவிடும். ஒரே ஒரு பாவுக்கு எழுதினால் போதும். உண்மை தானே விளங்கும்.

இரண்டாவதாக, கூலி உயர்வு கோரும்போது இக்கணக்கைச் சங்கத்தின் முன் வையுங்கள். தறிக்கு முன்னான வேலைகளின் நேரம் தெளிவாகக் காட்டப்பட்டால் கோரிக்கைக்கு வலிமை உண்டாகும். 'விலைவாசி ஏறிவிட்டது' என்று பொதுவாகச் சொல்வதைக் காட்டிலும் '144 மணி நேரம் உழைக்கிறோம்' என்று எண்ணிச் சொல்வது மேலானது.

மூன்றாவதாக, உங்கள் பங்குத் தொகைக்கும் சேமிப்புக்கும் யாரை நியமனதாரராகக் குறித்திருக்கிறீர்கள் என்பதை இம்மாதமே சங்க அலுவலகத்தில் கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள். மாற்ற வேண்டியிருந்தால் மாற்றுங்கள்.

நான்காவதாக, துணை விதிகள் இடந்தரும் அளவில், நெசவும் துணை வேலையும் செய்யும் பெண்களை அவர்கள் பெயரிலேயே அங்கத்தினராகச் சேர்க்க நிர்வாகக் குழுக்கள் முன்வரவேண்டும். துணை விதி தடையாக இருந்தால், அதனைத் திருத்துவது பற்றி மகாசபையில் பேசவேண்டும். மகாசபை என்பது தேநீர் அருந்திக் கலைவதற்கு மட்டும் ஏற்பட்டதன்று.

ஐந்தாவதாக, இல்லப் பணியைப் பங்கிட்டுக்கொள்ளுங்கள். தறியிலிருந்து எழுந்தவர் நீர் பிடித்துத் தரலாம். மகன் தன் தட்டைத் தானே கழுவலாம். ஐந்து ஆண்டுகளில் ஒரு நிமிஷம் என்ற வேகத்தில் நாடு போகட்டும்; நம் அங்கத்தினர் குடும்பங்கள் அதைவிடச் சற்று விரைந்து நடப்பதில் தவறில்லை.

முதலில் கூறிய அந்தப் படிவத்துக்குத் திரும்புவோம். பட்டுவாடா முடிந்த பின்னர் நாம் குமாஸ்தாவிடம் மேற்சொன்ன கணக்கை ஒரு துண்டுத் தாளில் போட்டுக் காட்டினோம். அவர் சற்று நேரம் அதனைப் பார்த்துவிட்டு, பேனாவை எடுத்து, 'தொழில் இல்லை' என்பதை அடித்து, 'நெசவுத் துணைத் தொழில்' என்று திருத்தினார். அதனால் அந்த அம்மையாருக்கு அன்று ஒரு காசும் கூடுதலாகக் கிடைக்கவில்லை என்பது மெய்தான். ஆனால் ஏட்டில் இடம் பெறாத எதற்கும் பங்கு கேட்க முடியாது. முதலில் ஏட்டில் ஏறட்டும். அடுத்த முறை உங்கள் வீட்டுப் படிவம் எழுதப்படும்போது, அந்த இடத்தில் என்ன எழுதச் சொல்வீர்கள் என்பதை இப்பொழுதே நிச்சயித்துக்கொள்ளுங்கள்.